பதினாலாம் ஜாயிண்ட்

திருத்தணி
9.6.2025

வெங்கடேசனுக்கு கஜபதி எழுதுவது.

கவரில் என் கையெழுத்தைப் பார்த்ததும் உன் அக்காவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பயந்திருப்பாய். அவள் நன்றாக இருக்கிறாள். முட்டிவலி மட்டும்தான், அது பழசு. போன் செய்தால் என் குரல் கேட்டதும் வைத்துவிடுகிறாய். ஆறு வருடமாக அப்படித்தான். அதனால் அவளிடம் உன் ஓசூர் விலாசத்தை வாங்கி எழுதுகிறேன். எதற்கு என்று கேட்டாள். சும்மா என்றேன்.

நம் பேக்டரியில் நான் இப்போது வாட்ச்மேன். பூட்டியபின் பொறுப்பு எடுத்தவர்கள், உள்ளே என்ன எங்கே இருக்கிறது என்று தெரிந்த ஆள் வேண்டும் என்று என்னைப் போட்டார்கள். அரக்கோணம் ரோட்டிலிருந்து பார்த்தால் 'அணுமின் நிலையங்களுக்காக ஆண்டுக்கு நான்கு வெசல்' என்ற போர்டு இன்னும் தெரிகிறது. கட்டியது ஒன்று, அதுவும் முக்கால்வாசி. நாம் குண்டான் என்று கூப்பிட்ட அந்தப் பெரிய இரும்புக் கலத்தைப் பழைய இரும்புக்கு விற்றுவிட்டார்கள். ஜூலையில் வெட்ட வருகிறார்கள்.

போன வாரம் எக்ஸ்ரே பிலிம்களை எடுக்க ஒருவர் வந்தார். பிலிமில் இருக்கிற வெள்ளியைப் பிரித்து எடுப்பவர். காகித உறையை எல்லாம் நீக்கி பிலிமை மட்டும் தரச் சொன்னார். நான் உட்கார்ந்து உருவிக்கொண்டிருந்தேன். பதினாலாம் ஜாயிண்டின் உறை கைக்கு வந்தது. மேலே என் கையெழுத்து. உன் பெயர். லைட் பெட்டியைத் தட்டிப் பார்த்தேன், பல்ப் எரிந்தது. பிலிமை வைத்தேன்.

உனக்கு விளக்க வேண்டியதில்லை. ஆனாலும் ஒழுங்காக எழுதிவிடுகிறேன், எழுதினால்தான் எனக்கே பிடிபடுகிறது. வெசலைச் சுற்றி வட்டமாக ஓடுகிற ஜாயிண்ட். அதைச் சுற்றி ஈய எண் பட்டையைக் கட்டிப் படம் எடுப்போம். பூஜ்யத்திலிருந்து இருபத்துநான்கு வரை. படத்தில் 18-க்கும் 19-க்கும் நடுவில் பற்றவைப்புக்குள் சிக்கிய கசடு தெரிந்தால், வெசலிலும் அந்த இடத்தைத் தோண்டிக் கசடை எடுத்துத் திரும்பப் பற்றவைக்க வேண்டும். அன்று அந்த இடத்தில்தான் கசடு என்று எழுதினேன். நீ தோண்டிப் பற்றவைத்தாய். திரும்பப் படம் எடுத்தேன், கசடு அப்படியே இருந்தது. இன்னொரு முறை தோண்டினாய். அப்போதும் அப்படியே. இரண்டு தடவை ரிப்பேர் தவறினால் பற்றவைக்க அனுமதி தருகிற வெல்டரின் கார்டை வாங்கிவிட வேண்டும் என்பது விதி. வாங்கினேன்.

அந்தப் பிலிமின் ஓரத்தில் ஒரு மங்கலான நிழல் இருக்கிறது. அன்றும் பார்த்தேன், ஏதோ ஸ்டாண்டு என்று விட்டுவிட்டேன். அது ஸ்டாண்டு இல்லை. கிரேன் கொக்கி மாட்டுவதற்காக வெசலில் பற்றவைத்த காது. அந்தக் காது 18-க்குப் பக்கத்தில் இல்லை. 5-க்கும் 6-க்கும் நடுவில் இருக்கிறது. நேரே போய் வெசலைச் சுற்றிவந்து பார்த்தேன். மூன்று தடவை சுற்றினேன்.

படம் எடுப்பதற்கு முந்தின வாரம் கிரேனில் தூக்கி வெசலைத் தலைமாற்றி வைத்தார்கள். நான் எப்போதும் போல கேட்டைப் பார்த்து நின்று, வலது பக்கமாக எண் பட்டையைக் கட்டினேன். எண் எந்தப் பக்கம் ஓட வேண்டும் என்று இரும்பில் குத்தியிருந்த அம்புக்குறியைப் பார்க்கவில்லை. எண் எல்லாம் தலைகீழாக ஓடிவிட்டது. கடிகாரத்தைக் கண்ணாடியில் பார்த்தால் ஏழு மணி ஐந்து மணியாகத் தெரிகிற மாதிரி. கசடு இருந்தது 5-க்கும் 6-க்கும் நடுவில். உன்னைத் தோண்டவைத்தது 18-க்கும் 19-க்கும் நடுவில்.

தப்பு என்னுடையது. வெட்டுவதற்குள் ஒருமுறை வந்தால் உன் கண்ணாலேயே பார்த்துவிடலாம்.

கஜபதி


ஓசூர்
17.6.2025

பாவாவுக்கு,

கடிதம் வந்தது. குடோனுக்குள் எடுத்துப்போனேன், சாப்பாட்டு நேரத்தில் படித்தேன். படித்துவிட்டு மடித்துப் பாக்கெட்டில் வைத்துக்கொண்டு போய்ப் பெட்டி ஒட்டினேன். அன்று நானூற்றுப் பத்துப் பெட்டி. மற்ற நாளைவிடக் குறையவும் இல்லை, கூடவும் இல்லை. அழுகை வரும் என்று நினைத்தேன், கோபமாவது வரும் என்று நினைத்தேன். ஒன்றும் வரவில்லை.

அறைக்கு வந்து திரும்பப் படித்தேன். காது, நிழல், கேட், அம்புக்குறி எல்லாம் எழுதியிருக்கிறீர்கள். ஒன்றை விட்டுவிட்டீர்கள்.

முதல் தடவை தோண்டியபோதே நான் சொன்னேன். கிரைண்டரை நிறுத்திவிட்டு உங்களைக் கூப்பிட்டு, "உள்ள ஒண்ணும் இல்ல பாவா, சுத்தமா கீது, வந்து பாருங்க" என்றேன். நீங்கள் வரவில்லை. "இன்னும் ஆழமா போ" என்றீர்கள். இரண்டாம் தடவை வந்து குனிந்து பார்த்தீர்கள். டார்ச் அடித்துப் பார்த்தீர்கள். அப்போதும் அதையே சொன்னேன். பதினோரு பேர் நின்றார்கள். நீங்கள் சொன்னது எனக்கு மனப்பாடம். "பிலிம் பொய் சொல்லாதுடா. உன் கைதான் பொய் சொல்லுது. கை நடுங்கறவன்லாம் எதுக்கு ராடு புடிக்கணும்?"

அதுவரை என் கை நடுங்கியதில்லை. அம்மையார்குப்பத்தில் பவர்லூம் ஓட்டிக்கொண்டிருந்தவனை, அக்கா புருஷன் என்ற உரிமையில் நீங்கள்தான் கூட்டிவந்து வெல்டிங் பழகவைத்தீர்கள். என் கண்ணைவிட உங்கள் பிலிமை நான் நம்பினேன். கசடு எனக்குத் தெரியவில்லை என்றால் என் கண்ணில்தான் கோளாறு என்று நினைத்தேன். இங்கே வந்த புதிதில் ஒரு கம்பெனியில் டெஸ்ட் வைத்தார்கள். மூன்று தடவை ராடு பிளேட்டில் ஒட்டிக்கொண்டது. நான்காவது கொடுத்தபோது வேண்டாம் என்று எழுந்து வந்துவிட்டேன். அன்றைக்கு நிஜமாகவே நடுங்கியது.

நான் சொன்னதை மறந்துவிட்டீர்களா, இல்லை ஞாபகம் இருந்தும் விட்டுவிட்டீர்களா? இதற்கு மட்டும் பதில் எழுதுங்கள். வேறு எதுவும் எழுத வேண்டாம்.

வெங்கடேசன்


திருத்தணி
26.6.2025

வெங்கடேசா,

ஞாபகம் இருந்தது. முதல் கடிதத்தில் எழுதி, அடித்துவிட்டுத் திரும்பச் சுத்தமாக எழுதினேன். அடித்த தாளை அடுப்பில் போட்டேன்.

எண் பட்டையைத் திருப்பிக் கட்டியது பழக்கதோஷம். யாருக்கும் நடக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்ள முடிகிறது. குனிந்து டார்ச் அடித்துப் பார்த்ததை அப்படிச் சொல்லிக்கொள்ள முடியவில்லை. அன்று எனக்கும் கசடு தெரியவில்லை. சுத்தமாகத்தான் இருந்தது. ஆனால் எக்ஸ்ரே அறையில் இருபத்திரண்டு வருடம் உட்கார்ந்தவன் நான். கண்ணுக்குத் தெரியாததைக் காட்டத்தானே பிலிம் என்று நினைத்துவிட்டேன். போதாததற்கு நீ என் மச்சான். மச்சானுக்காக விட்டுக்கொடுத்தான் என்று யாரும் சொல்லிவிடக் கூடாதே என்று அந்தப் பதினோரு பேருக்காகவும் சேர்த்துத்தான் கத்தினேன். வெட்கமாக இருக்கிறது, வெங்கடேசா.

வேறு எதுவும் எழுத வேண்டாம் என்றாய். ஒன்றை எழுதாமல் இருக்க முடியவில்லை. இதையும் விட்டுவிட்டால் நீ இன்னொரு முறை அதே கேள்வியைக் கேட்பாய்.

ஆபீஸ் அலமாரியில் பைல்களைக் கட்டிக்கொண்டிருந்தபோது ஆர்டர் கொடுத்தவர்களின் கடிதம் ஒன்று கிடைத்தது. வெசல் வேலையை நிறுத்திவைக்கச் சொல்கிறது. அணுமின் நிலையத்துக்கு நிலம் கிடைக்கவில்லை, டில்லியில் பணம் ஒதுக்கவில்லை, திட்டம் மறுபரிசீலனையில் இருக்கிறது என்று நான்கு வரி. தேதி 2018 அக்டோபர். நீ பதினாலாம் ஜாயிண்டைப் பற்றவைத்தது 2019 ஜனவரி.

மேலே இருந்தவர்கள் எப்படியாவது ஆர்டர் திரும்பிவிடும் என்று நம்பி நம்மிடம் சொல்லாமல் வேலையை ஓட்டியிருக்கிறார்கள் போல. கதவு சாத்திய அன்றைக்குத்தான் நமக்குத் தெரிந்தது.

உன் அக்காவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். தட்டில் சோறு போட்டு வைத்துவிட்டுப் போனாள். இன்றோடு மூன்று நாள், பேசவில்லை.

கஜபதி


ஓசூர்
5.7.2025

பாவாவுக்கு,

அக்கா எனக்குப் போன் செய்தாள். உங்களோடு பேசச் சொல்லி நான்தான் சொன்னேன். முட்டிவலிக்காரி, எத்தனை நாள் வாயை மூடிக்கொண்டு வேலை செய்வாள்?

அந்தத் தேதியை ஒரு பெட்டி மேல் எழுதிப் பார்த்தேன். அக்டோபர், நவம்பர், டிசம்பர், ஜனவரி. மூன்று மாதத்துக்கு முன்பே அது செத்துப்போயிருக்கிறது. செத்ததற்குத்தான் நான் வைத்தியம் பார்த்தேன், நீங்கள் எக்ஸ்ரே எடுத்தீர்கள்.

பேக்டரி மூடினதும் ஊரில் என்ன பேசினார்கள் என்று உங்களுக்குத் தெரியுமா? என் ஜாயிண்ட் தேறாததால் டெலிவரி தள்ளிப்போய் ஆர்டர் போய்விட்டது என்று. ஆர்.கே.பேட்டை டவுன் பஸ்ஸில் கண்டக்டர் டிக்கெட் கிழித்துக்கொண்டே, "இன்னாப்பா, ஊருக்கு வர்ற கரண்ட நிறுத்திட்டியாமே" என்றான். பஸ்ஸே சிரித்தது. நானும் சிரித்தேன். முந்நூறு பேர் வேலை என்னால்தான் போனது என்று நான் நம்பிவிட்டேன் பாவா. தெருவில் யாராவது எதிரே வந்தால் அவர் வீட்டில் இப்போது என்ன சமைப்பார்கள் என்று நினைப்பேன். அதனால்தான் ஓசூருக்கு வந்தேன். உங்கள் மேல் கோபித்துக்கொண்டு வந்தேன் என்று அக்கா நினைக்கிறாள். நீங்களும் அப்படித்தான் நினைத்திருப்பீர்கள்.

பார்ப்பதற்கு நான் வரவில்லை. 5-க்கும் 6-க்கும் நடுவில் தோண்டினால் கசடு இருக்கும். நீங்களே தோண்டிப் பாருங்கள். இருந்தால் இருக்கட்டும்.

வெங்கடேசன்


திருத்தணி
21.7.2025

வெங்கடேசா,

ஊர்ப் பேச்சு எனக்குத் தெரியும். டீக்கடையில் என் காதுபடவே பேசினார்கள். நான் மறுக்கவில்லை. அதையும் எழுதிவிட்டேன்.

வெட்டுகிறவர்கள் வந்துவிட்டார்கள். கந்தன் என்று ஒருவர் காண்ட்ராக்ட். ஐந்து ஆட்கள், நகரிப் பக்கம். கேஸ் வைத்து மேலிருந்து வெட்டிக்கொண்டு வருகிறார்கள். அவ்வளவு கனமான இரும்பு, வெட்டி விழும்போது தரை ஆடுகிறது. நாம் அதில் ஒரு கீறல் விழாமல் துணி போர்த்தி வைத்திருந்தோம். பார்க்க ஒரு மாதிரியாக இருக்கும் என்று நினைத்தேன். அப்படி ஒன்றும் இல்லை. டீ வாங்கிவரச் சொன்னால் வாங்கிவருகிறேன். லாரி மாநில எல்லையைத் தாண்டிப் போய் உருக்காலையில் கொட்டிவிட்டு வருகிறது.

5-க்கும் 6-க்கும் நடுவில் நான் தோண்டவில்லை. கிரைண்டர் பிடிக்க எனக்குத் தெரியும். ஆனால் அது வெல்டர் வேலை. உன் ஜாயிண்டை உன் பேச்சைக் கேட்காமல் தோண்டவைத்தது போதும்.

பதினாலை மட்டும் கடைசியாக வெட்டச் சொல்லியிருக்கிறேன். கந்தன் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "என்னா நைனா, அதுல பொதையல் கிதையல் கீதா?" என்றார். ஆங், இருக்கிறது என்று சொல்லிவைத்தேன். ஆடிக் கிருத்திகைக்கு அவர் ஆட்கள் காவடி எடுக்கிறார்கள். மூன்று நாள் வேலை இல்லை. அவர்களுடைய வெல்டிங் செட் இங்கேயே இருக்கும், சாவி என்னிடம் இருக்கும். கிருத்திகை முடிந்து வந்தால் பதினாலையும் வெட்டிவிடுவார்கள். அதற்குமேல் என்னால் நிறுத்த முடியாது.

வா என்று எழுத எனக்கு உரிமை இல்லை. தகவல் எழுதினேன்.

கஜபதி


ஓசூர்
20.8.2025

பாவாவுக்கு,

திருத்தணியிலிருந்து நல்லபடியாக வந்து சேர்ந்தேன். கிருத்திகைக் கூட்டத்துக்காக பஸ்ஸை எல்லாம் ஊருக்கு வெளியே நிறுத்திவிட்டார்கள். மஞ்சள் வேட்டிக் கூட்டத்துக்கு எதிர்த்திசையில் நடந்துபோய் ஏறவேண்டியிருந்தது. வேலூர் வரை நின்றுகொண்டே வந்தேன்.

உங்களிடம் சொல்லிக்கொள்ளாமல் கிளம்பியதற்கு ஒன்றும் நினைக்காதீர்கள்.

பேக்கரி பிரபுதாஸ் அண்ணனிடம் நன்றி சொல்லுங்கள். பன் எடுத்த அடுப்பில் வெல்டிங் ராடை வைத்துச் சூடேற்றித் தரச் சொன்னதும், ஏன் என்று கேட்காமல் வைத்துக்கொடுத்தார். ஈரம் போகாத ராடில் நான் பற்றவைக்க மாட்டேன். வெட்டிப் போடப்போகிற இரும்புக்கு எதற்கு இதெல்லாம் என்று நீங்கள் கேட்பீர்கள் என்று எதிர்பார்த்தேன். கேட்கவில்லை. வெசலைச் சூடேற்ற நான் பர்னரைப் பிடித்தபோது நீங்களும் ஒரு பர்னரை எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் போனீர்கள்.

கிரைண்டர் நாலு மில்லி இறங்கியதும் கறுப்பாக ஒரு கோடு வந்ததே, என் சுண்டுவிரல் நீளம். நீங்கள் டார்ச் அடித்தீர்கள். நான் அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் தப்புதான் அது. ஒரு இடத்தில் கசடைச் சரியாகத் தட்டாமல் மேலே ஓட்டியிருக்கிறேன். அரை ஷிப்ட் வேலை பாவா. அன்றைக்குச் சரியான இடம் தெரிந்திருந்தால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் முடித்துவிட்டு வீட்டுக்குப் போயிருப்பேன். பஸ்ஸில் வரும்போது இதை நினைத்துத்தான் எனக்கு அழுகை வந்தது. பக்கத்தில் நின்ற மொட்டைத்தலைக்காரர், முருகன் கூப்பிட்டுவிட்டான் போல என்று விபூதி கொடுத்தார்.

முதல் ராடு ஒட்டிக்கொண்டதும் நீங்கள் திரும்பி நின்று கேட்டைப் பார்த்தீர்கள். கேட்டில் யாரும் இல்லை என்று எனக்குத் தெரியும். இரண்டாவது ராடு ஓடியது. கை நடுங்கிக்கொண்டுதான் இருந்தது, ஆனாலும் ஓடியது. மூன்றாவதில் கையை மறந்துவிட்டேன்.

தேய்த்து மட்டமாக்கி முடித்ததும் நீங்கள் விரலை வைத்துத் தடவிவிட்டு, "பாத்துடலாமா?" என்றீர்கள், பழக்கத்தில். எதை வைத்துப் பார்ப்பது? படம் எடுக்கிற சோர்ஸ் இல்லை, பிலிம் இல்லை, பதினோரு பேரும் இல்லை. நான், "உள்ள ஒண்ணும் இல்ல பாவா" என்றேன். நான் கையைக் கழுவிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

அதற்கு உங்கள் பதில் என்ன என்று தெரிந்துகொள்ள வேண்டும். எழுதுங்கள்.

வெங்கடேசன்


திருத்தணி
1.9.2025

வெங்கடேசா,

ஷெட் காலி. பதினாலாம் ஜாயிண்டை வியாழக்கிழமை வெட்டினார்கள். அதில் புதையல் இல்லையே என்று கந்தன் கேட்டார். எடுத்தாகிவிட்டது என்றேன். உன் துண்டு இரண்டாம் லாரியில் போனது. நான் கேட்டைத் திறந்துவிட்டுத் திரும்பச் சாத்தினேன். பிலிம்காரரும் வந்து மிச்சத்தை எடுத்துப்போய்விட்டார். இந்த மாதத்தோடு எனக்கும் வேலை முடிகிறது. உன் கார்டைத் தேடினேன், எந்தப் பைலிலும் இல்லை. அன்றே கிழித்திருப்பார்கள்.

அக்கா உனக்கு முறுக்கு சுட்டு வைத்திருக்கிறாள். பார்சல் போட மாட்டாளாம். நீயே வந்து எடுத்துக்கொள்ள வேண்டுமாம்.

நீ கேட்டதற்கு அங்கேயே பதில் சொல்லியிருக்கலாம். உன் முன்னால் இனி என் வாயை நம்பிப் பேசிவிடக் கூடாது என்று தோன்றியது. ஆபீஸுக்குப் போய்ப் பழைய ரிப்போர்ட் பாரம் ஒன்றைத் தேடி எடுத்தேன். பேனா எழுதவில்லை, பென்சிலில்தான் எழுதினேன். நீ பஸ் ஸ்டாண்டுக்கு நடந்துகொண்டிருந்திருப்பாய். அவர்கள் வெட்டுவதற்கு முன்பே எழுதியது இது, தேதியைப் பார். இந்தப் பாரத்தை வாங்கிக்கொள்ள யாரும் இல்லாததால் உனக்கே அனுப்புகிறேன். இத்தனை வருடத்தில் பிலிம் பார்க்காமல் நான் போட்ட கையெழுத்து இது ஒன்றுதான்.

கஜபதி

இணைப்பு:

தேதி: 17.8.2025
ஜாயிண்ட்: 14
இடம்: 5-க்கும் 6-க்கும் நடுவில். அம்புக்குறி பார்த்துச் சரிபார்க்கப்பட்டது.
வெல்டர்: வெங்கடேசன்
ரிப்பேர்: முதல் தடவை. இதற்கு முன் 18-க்கும் 19-க்கும் நடுவில் செய்த இரண்டும் வெல்டர் கணக்கில் சேராது.
பிலிம்: எடுக்கவில்லை.
குறிப்பு: உள்ளே ஒன்றும் இல்லை என்று வெல்டர் சொன்னார்.
முடிவு: ஏற்கப்பட்டது.